எறும்புதின்னிக்கும் ஸ்கிப்புக்கும் ஒரே குரல்

விர்ஜில்: ...அதான் கேக்கறேன் தம்பி, டிவியில ஓடற இந்த நாலு பொம்மையில எது நீ?

ஸ்கிப்: மஞ்ச முடி, சார்.

விர்ஜில்: உன் முடி மஞ்ச இல்லையே.

ஸ்கிப்: எங்க பாட்டுக்குழுவுல ரெண்டு பேருக்குப் பழுப்பு முடி. வரையறவங்களுக்கு ஆள் குழம்புதாம். அதனால எனக்கு மஞ்ச குடுத்துட்டாங்க.

விர்ஜில்: கேட்டுட்டுக் குடுத்தாங்களா?

ஸ்கிப்: சொன்னாங்க.

நடீன்: அப்பா, கொஞ்சம் பேசாம பாருங்க. இப்பதான் ஆரம்பிச்சிருக்கு.

விர்ஜில்: பாத்துக்கிட்டுதான் இருக்கேன். இந்த வேன் நைஸ் ஊர்ல என் வயசுக்காரன் எவனும் சனிக்கிழமை காலைல கார்ட்டூன் முன்னால உட்காரல. நான் உட்கார்ந்திருக்கேன். என் மகளுக்காக.

நடீன்: உட்கார்ந்தீங்க சரி, உட்காரும்போது ஒரு சத்தம் வேற. இவ்வளவு பெரிய சோபா இருக்கு. கார் டிக்கியில கிடந்த ஓட்டை நாற்காலிய எதுக்கு உள்ள தூக்கிட்டு வந்தீங்க?

விர்ஜில்: முதுகும்மா. சோபாவுல முக்காவாசிய உன் ஆளு புடிச்சுட்டான்.

ஸ்கிப்: நான் வேணா கீழ உட்கார்ந்துக்கறேன் சார்.

விர்ஜில்: வேணாம் வேணாம். கலர் டிவியில வர்ற ஆளு தரையில உட்காரக் கூடாது.

நடீன்: அந்த நாற்காலி டிக்கியிலேயேதான் கிடக்கும், ஸ்கிப். வேலைக்குப் போனாலும் அதைக் கையோட எடுத்துட்டுப் போவார். ஸ்டுடியோ நாற்காலி எங்கப்பாவுக்கு ஆகாது.

ஸ்கிப்: ஓ... இப்ப எந்தப் படத்துக்கு வாசிக்கறீங்க, சார்?

விர்ஜில்: குதிரைப் படம்.

ஸ்கிப்: பேரு?

விர்ஜில்: பேரெல்லாம் யார் சொல்றா. திரையில குதிரை ஓடும், நான் கிடார் வாசிப்பேன். குதிரை நின்னா நானும் நிறுத்திக்குவேன்.

நடீன்: எண்ணெய் போடுங்கன்னு எத்தனை தடவை சொல்லிட்டேன்.

விர்ஜில்: குதிரைக்கா?

நடீன்: நாற்காலிக்கு.

விர்ஜில்: அது அதோட சுபாவம், விடு... அதென்ன தம்பி, தொப்பி போட்ட மிருகம்? மூக்கு இவ்வளவு நீளம்?

ஸ்கிப்: எறும்புதின்னி சார். பேரு மர்ஃபி. எங்ககூட டிராலி வண்டியில ஊர் ஊரா வரும். பேய் இருக்கிற வீட்ல எல்லாம் துப்பு கண்டுபிடிக்கும்.

விர்ஜில்: ஜெல்லி டிராலின்னு ஒரு பாட்டுக்குழு. அதுல எறும்புதின்னியும் உண்டா?

ஸ்கிப்: நிஜத்துல இல்ல சார். நிஜத்துல நாங்க நாலு பேருதான். டிவிக்காரங்க, நாலு மனுஷன் மட்டும் வந்தா எந்தக் குழந்தையும் பாக்காதுன்னுட்டாங்க. நாய் வைக்கலாமான்னு கேட்டோம். எல்லாக் கார்ட்டூன்லயும் நாய்தானாம். ஒட்டகம் பெருசு. கடைசியில இதுல வந்து நின்னுது.

விர்ஜில்: அது என்ன வாத்தியம் வாசிக்குது?

ஸ்கிப்: பியானோ. மூக்கால.

விர்ஜில்: நல்லாத்தான் வாசிக்குது... இரு இரு. இப்ப 'நண்பர்களே, கலங்கரை விளக்கத்துல யாரோ இருக்காங்க'ன்னு சொன்னது யாரு?

ஸ்கிப்: நான்தான் சார்.

விர்ஜில்: உன் குரல் இல்லையே.

ஸ்கிப்: குரல் வேற ஒருத்தர். ஐம்பது வயசிருக்கும். ரொம்ப நல்ல மனுஷர். நாங்க நாலு பேரும் முதல்ல பேசிப் பாத்தோம். எங்க குரல் எங்களுக்குப் பொருந்தலைன்னு சொல்லிட்டாங்க.

விர்ஜில்: எறும்புதின்னி பேசறதும் அதே மாதிரி இருக்கே.

ஸ்கிப்: ரெண்டுக்கும் அவரேதான். மூக்கைப் புடிச்சுக்கிட்டுப் பேசினா எறும்புதின்னி. விட்டுட்டுப் பேசினா நான்.

விர்ஜில்: நீயும் அதுவும் சண்டை போட்டா?

ஸ்கிப்: அன்னிக்கு அவருக்குக் கொஞ்சம் கஷ்டம் சார்.

நடீன்: ரெண்டு பேரும் பேன்கேக்கை ஆற விடாதீங்க. ஸ்கிப், நீ ஒண்ணுகூடச் சாப்பிடல.

ஸ்கிப்: பசி இல்ல.

விர்ஜில்: சாப்பிடு தம்பி. தெம்பு வேணும். கார்ட்டூன் முடிஞ்சதும் வேலை இருக்கு.

ஸ்கிப்: என்ன வேலை, சார்?

விர்ஜில்: நடீன் சொல்லலையா? கேரேஜ்ல என் கிடார் இருக்கு. எடுத்துட்டு வர்றேன். உங்க 'எலுமிச்சைச் செவ்வாய்க்கிழமை' பாட்டு நடுவுல, பாடறவன் வாயை மூடினதும் கிடார் மட்டும் தனியா வருமே... அந்த இடத்தை எனக்கு வாசிச்சுக் காட்டு. அப்புறம் உட்கார்ந்து கல்யாணப் பேச்சு பேசலாம்.

ஸ்கிப்: இன்னிக்கேவா?

விர்ஜில்: கல்யாணம் கேக்க வந்தது இன்னிக்குத்தானே?

ஸ்கிப்: ஆமா சார்... கை கொஞ்சம் சுளுக்கிக்கிட்டு இருக்கு.

விர்ஜில்: எந்தக் கை?

ஸ்கிப்: ரெண்டும்.

விர்ஜில்: அப்ப மெதுவா வாசி. எனக்கு ஒரே ஒரு நிபந்தனைதான். என் மகளைக் கட்டிக்கிறவன் எந்த வேலை பண்ணாலும் சரி, அதை அவன் கையால பண்ணணும்... விளம்பரம் வந்திருச்சா? எறும்புதின்னி படம் போட்ட கார்ன்ஃபிளேக்ஸ் டப்பாவா? சரிதான். நான் போய் காபி ஊத்திட்டு வர்றேன்.

ஸ்கிப்: நடீன்.

நடீன்: என்ன, இப்படி வேர்க்குது உனக்கு?

ஸ்கிப்: வா, போயிடலாம். அடுத்த சனிக்கிழமை வருவோம்.

நடீன்: அடுத்த சனிக்கிழமையும் கேரேஜ்ல கிடார் இருக்கும்.

ஸ்கிப்: என் கிடாரைக் கேட்டுத்தான் என்மேல காதல்ல விழுந்தேன்னு உங்கப்பாகிட்ட எதுக்குச் சொன்ன?

நடீன்: வேற என்ன சொல்றது? கிடார் தெரியாதவனை அவர் ஆள் கணக்குலயே சேக்க மாட்டார். அக்கார்டியன் வாசிக்கிற எங்க மாமா அத்தையைக் கட்டிக்கிட்டுப் பதினஞ்சு வருஷம் ஆச்சு, இன்னும் அவரை 'அந்த அக்கார்டியன்காரன்'னுதான் சொல்றார்.

ஸ்கிப்: உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். ரொம்ப நாளாவே...

நடீன்: அப்புறம் சொல்லு. வர்றார்.

விர்ஜில்: யாரு அக்கார்டியன்காரன்?

நடீன்: ஒண்ணுமில்லப்பா. ஆரம்பிச்சிருச்சு, பாருங்க. துரத்தற கட்டம்.

விர்ஜில்: ம்... சுவர், விளக்கு, ஜன்னல்... சுவர், விளக்கு, ஜன்னல்... ஏன் தம்பி, இவ்வளவு பெரிய பேய் வீட்டுக்கு ஒரே ஒரு ஜன்னல்தானா?

ஸ்கிப்: அது ஒரு தடவை வரஞ்சதைத் திரும்பத் திரும்ப ஓட்டுவாங்க சார். எங்களை ஓட வச்சதும் அப்படித்தான். முதல் வாரம் வரஞ்ச ஓட்டம்தான் எல்லா வாரமும். பின்னால துரத்தற பேய் மட்டும்தான் புதுசு.

விர்ஜில்: செலவு மிச்சம்.

ஸ்கிப்: ஆமா சார். இந்த வாரம் பேயும் பழசு.

நடீன்: உஷ்... பாட்டு வருது.

விர்ஜில்: இதுதானா அது?

நடீன்: இதுதான் 'எலுமிச்சைச் செவ்வாய்க்கிழமை'. வீட்ல நான் ரெக்கார்டைப் போட்டாலே தோட்டத்துக்கு ஓடிடுவீங்களே. இன்னிக்காவது உட்கார்ந்து கேளுங்க.

விர்ஜில்: தோட்டத்துலயும் நல்லாவே கேக்கும். வரியைப் பாரு. 'எலுமிச்சை போல் நீ, சர்க்கரை போல் நான்.' மளிகைக் கடையில பொறந்த பாட்டு. பாடறவன் அந்த எறும்புதின்னிய விட மோசமா மூக்கால பாடறான். டிரம்ஸ் வாசிக்கிறவன் எங்கயோ பஸ்ஸைப் புடிக்க ஓடறான்...

நடீன்: அப்பா.

விர்ஜில்: இரு. இப்ப வருது பாரு கிடார். கேளு... அவசரமே இல்ல. சுத்திக் குப்பையா கிடக்கு, நடுவுல ஒருத்தன் நிதானமா நிக்கிறான். இந்த இடத்துல சின்னதா ஒரு நிறுத்தம்... அதுக்கப்புறம்தான் அடுத்த ஸ்வரம். சின்னப் பசங்களுக்கு இந்தப் பொறுமை வராது. எப்படி தம்பி வந்துச்சு உனக்கு?

ஸ்கிப்: ...சும்மா வந்துச்சு சார்.

விர்ஜில்: அந்த நிறுத்தத்துல என்ன நினைச்சுக்குவ?

ஸ்கிப்: எதுவும் நினைக்க மாட்டேன்.

விர்ஜில்: நல்ல பதில்... அட, பாதியிலேயே வெட்டிட்டானுங்களே.

நடீன்: பேய் வந்திருச்சுல்ல. கடைசியில பேரெல்லாம் ஓடும்போது முழுசாப் போடுவாங்க. ஸ்கிப், அந்த முடிவைப் பத்தி அப்பாகிட்ட சொல்லேன். கிடார் நின்னதும் ரெக்கார்டுல கிர்ர்ர்... டொக்னு ஒண்ணு வருமே.

ஸ்கிப்: அது எதுக்கு இப்ப...

நடீன்: சொல்லு. பத்திரிகையில எல்லாம் வந்துச்சுப்பா.

ஸ்கிப்: அது ஒரு வாத்தியம் சார். பொலிவியாவுல வாசிக்கிறது. ஆட்டுத்தோல் போட்டு... மரத்துல செஞ்சிருக்கும்.

விர்ஜில்: யாரு வாசிச்சது?

ஸ்கிப்: நான்தான்.

விர்ஜில்: கையில கிடார் இருக்கும்போதா?

ஸ்கிப்: கால்ல வாசிக்கணும், சார்.

நடீன்: அப்பா, என்னாச்சு? மெதுவா. காபி புரை ஏறிடுச்சா? தலையைத் தட்டு ஸ்கிப்.

விர்ஜில்: ஒண்ணுமில்ல... விடு... கால்ல. சரி. அதையும் இன்னிக்கு வாசிச்சுக் காட்டிடு.

ஸ்கிப்: அது பொலிவியாவுக்கே திரும்பப் போயிடுச்சு சார்.

விர்ஜில்: போயிருக்கும். சரி தம்பி, எனக்கு ஒரு கணக்கு இடிக்குது. முடி உன்னோடது இல்ல. குரல் உன்னோடது இல்ல. அந்தக் கோடு போட்ட சட்டை?

ஸ்கிப்: அப்படி ஒரு சட்டை என்கிட்ட இருந்ததே இல்ல.

விர்ஜில்: கன்னத்துல குழி?

ஸ்கிப்: வரையறவரோட தம்பிக்கு இருக்காம்.

விர்ஜில்: பேராவது?

ஸ்கிப்: ...மெல்வின், சார். ஸ்கிப்ங்கறது கம்பெனி வச்ச பேரு.

விர்ஜில்: நடீன், இவன் மெல்வினாம். உனக்குத் தெரியுமா?

நடீன்: தெரியும். நான்தான் வெளிய சொல்ல வேணாம்னேன்.

விர்ஜில்: அப்ப இந்தக் கார்ட்டூன்ல உன்னோடதுன்னு ஒண்ணுமே இல்லையா?

ஸ்கிப்: இருக்கு சார். ஒண்ணே ஒண்ணு... கொஞ்சம் பொறுங்க, இப்ப வரும். எல்லாரும் பேயைப் புடிக்க ஓடறாங்களா... அதோ. பாத்தீங்களா?

விர்ஜில்: என்ன, மஞ்ச முடி ஒயர் தடுக்கி விழறான்.

ஸ்கிப்: அதுதான். அது நான்.

விர்ஜில்: விழறதா?

ஸ்கிப்: ஆரம்பத்துல வரையறவங்க எங்களைப் பாக்க வந்தாங்க. எப்படி நடக்கறோம், எப்படி நிக்கறோம்னு பாத்து வரையணுமாம். மத்த மூணு பேரும் ஸ்டைலா நடந்து காட்டினாங்க. என் முறை வந்தது, நான் ஒயர் தடுக்கி டிரம் மேல விழுந்தேன். அவங்களுக்கு அது புடிச்சுப் போச்சு. ஒரு தடவைதான் வரஞ்சாங்க, வாரா வாரம் போடறாங்க. நாடு முழுக்கப் பசங்க பள்ளிக்கூடத்துல அதே மாதிரி விழுந்து காட்டறாங்களாம்.

விர்ஜில்: கை ரெண்டும் முன்னால போயி, ஒரு கால் மட்டும் மேல நிக்குதே... நிஜமாவே அப்படித்தான் விழுவியா?

நடீன்: அப்படியேதான் விழுவான்.

விர்ஜில்: ம்... சரி. படம் முடியப் போகுது. நான் கேரேஜுக்குப் போறேன்.

ஸ்கிப்: சார்.

விர்ஜில்: என்ன?

ஸ்கிப்: போக வேணாம்.

விர்ஜில்: ஏன்?

ஸ்கிப்: கிடாரும் என்னோடது இல்ல.

நடீன்: ஸ்கிப்...

ஸ்கிப்: இரு நடீன், சொல்லிடறேன். எனக்குக் கிடார் வாசிக்கத் தெரியாது சார். ஷாம்பு விளம்பரத்துல என் படத்தைப் பாத்துட்டு என்னைக் குழுவுல சேத்தாங்க. மேடையில நிக்கும்போது என் கிடார்ல கரண்டே இருக்காது. கத்துக்கலாம்னு ஆரம்பிச்சேன், விரல் வலிச்சுது. ரெக்கார்டுல வர்றது நான் இல்ல. நீங்க அந்த நிறுத்தம் அந்த நிறுத்தம்னு சொன்னீங்களே... நீங்க சொல்றவரைக்கும் அங்க ஒரு நிறுத்தம் இருக்குன்னே எனக்குத் தெரியாது. மன்னிச்சுக்கங்க. நடீன், நீயும். கிடாரைக் கேட்டுத்தானே நீ...

விர்ஜில்: அப்பாடா.

ஸ்கிப்: சார்?

விர்ஜில்: ஒண்ணுமில்ல. காபி ஆறிடுச்சு. அதைச் சொன்னேன்.

நடீன்: ஆறினதுக்கா அப்பாடா?

விர்ஜில்: சூடா இருந்துச்சு, இப்ப குடிக்கலாம். நீ உன் ஆளைப் பாரு, அழுதுடுவான் போலிருக்கு.

நடீன்: ஏய், மெல்வின். இங்க பாரு. எனக்குத் தெரியும்.

ஸ்கிப்: என்ன தெரியும்?

நடீன்: உன் வீட்டுச் சுவத்துல ஒரு கிடார் மாட்டி வச்சிருக்கியே, அதுல கிறிஸ்துமஸ்லேர்ந்து ஒரு கம்பி அறுந்து தொங்குது. நீ தினமும் வந்து அதுல தொப்பியை மாட்டற. கிடார்காரன் மகளுக்கு இதுகூடத் தெரியாதா?

ஸ்கிப்: அப்ப ஏன் கேக்கல?

நடீன்: நீயா சொல்லுவியான்னு பாத்தேன்.

விர்ஜில்: ஆக, கிடாரைக் கேட்டு விழுந்தேன்னு என்கிட்ட சொன்னது...

நடீன்: பொய்தான். பனோரமா சிட்டியில ஷூ கடை திறப்பு விழாவுக்கு இவங்களைக் கூப்பிட்டிருந்தாங்க. இவன் மேடையிலேர்ந்து இறங்கும்போது ஒயர் தடுக்கி என் மேல விழுந்தான். விழுந்தப்புறம் எல்லாரும் மன்னிப்புக் கேப்பாங்க. இவன் அந்தரத்துல இருக்கும்போதே 'மன்னிச்சுக்கங்க மேடம்'னு சொல்லிக்கிட்டே வந்து விழுந்தான். அப்படி ஒரு ஆளை நான் பாத்ததே இல்லப்பா.

விர்ஜில்: இதை முதல்லயே சொல்லியிருக்கலாமே. ரெண்டு வாரமா எனக்குத் தூக்கம் போச்சு.

நடீன்: உங்களுக்கு எதுக்குத் தூக்கம் போகணும்?

விர்ஜில்: ...இவன் கிடாரைக் கையில வாங்கிக்கிட்டு மேல மேல பொய் சொன்னா, நான் என்ன சொல்றதுன்னு யோசிச்சுக்கிட்டு இருந்தேன்.

ஸ்கிப்: அப்ப உங்களுக்கும் தெரியுமா சார்?

விர்ஜில்: வந்ததும் கை குடுத்தியே. விரல் நுனி, கம்பி அழுத்தின காய்ப்பே இல்லாம, வெண்ணெய் மாதிரி இருந்துச்சு. போகட்டும். சொல்லிட்டல்ல. எப்ப வச்சுக்கலாம்?

ஸ்கிப்: எதை?

விர்ஜில்: கல்யாணத்தை. நடீன், இவன் எப்பவும் இப்படித்தானா?

நடீன்: இப்படித்தான்.

ஸ்கிப்: சார், நிபந்தனை... கையால பண்ற வேலை...

விர்ஜில்: விழறியே. ரெண்டு கையும் முன்னால போகுதுல்ல. போதும். உங்கம்மா பியூட்டி பார்லர்லேர்ந்து வரட்டும், சொல்லிடலாம்.

நடீன்: அப்பா... நிஜமாவா? ஸ்கிப், மூச்சு விடு. இப்ப பேன்கேக்கைச் சாப்பிடு.

ஸ்கிப்: சாப்பிடறேன். நாலு சாப்பிடறேன். சிரப்பு எங்க?

நடீன்: இந்தா... ஆமா, அப்ப ரெக்கார்டுல யாருதான் வாசிக்கிறது?

ஸ்கிப்: தெரியாது. நாங்க போறதுக்குள்ள வாசிச்சுட்டுக் கிளம்பிடுவாங்க. வாயைத் திறக்கக் கூடாதுன்னு அவங்ககிட்டயும் சத்தியம் வாங்கியிருப்பாங்க போல. ஒரு நாளாவது அவரைப் பாத்து நன்றி சொல்லணும்னு இருக்கேன். அவர் புண்ணியத்துலதான் நான் ஷூ கடைக்கு வந்தேன்.

விர்ஜில்: அவன் எப்படிப்பட்ட ஆளா இருப்பான்னு நினைக்கற?

ஸ்கிப்: வயசானவரா இருக்கும். பொறுமைசாலி. இந்தப் பாட்டைப் போய் இவ்வளவு நல்லா வாசிக்கணும்னா ஒண்ணு தங்கமான மனசு இருக்கணும், இல்ல காசு நிறையக் குடுத்திருக்கணும்.

விர்ஜில்: காசுதான்.

நடீன்: உங்களுக்கு எப்படித் தெரியும்?

விர்ஜில்: ...இருக்கும்னு சொன்னேன். வேற எதுக்கு வாசிப்பான்?

நடீன்: அந்தப் பொலிவியா வாத்தியத்தையும் அவர்தான் வாசிச்சாரா?

ஸ்கிப்: அது என்ன சத்தம்னே எனக்குத் தெரியாது. ஒரு பத்திரிகைக்காரர் கேட்டார். வாயில வந்ததைச் சொல்லிட்டேன். இப்ப பசங்க லைப்ரரியில போய் பொலிவியாவைத் தேடறாங்களாம்.

விர்ஜில்: நல்லதுதான். படிக்கட்டும்... சரி, டிவியை அணைச்சுடலாமா?

நடீன்: இருங்கப்பா, பேரு ஓடுது. முழுப் பாட்டு இப்பதான் போடுவாங்க.

விர்ஜில்: பாட்டைத்தான் கேட்டாச்சே.

நடீன்: முடிவைக் கேக்கலையே. ஏன் பாதி எழுந்து நிக்கறீங்க?

விர்ஜில்: முதுகும்மா. இப்படி நின்னா இதமா இருக்கு.

நடீன்: மறைக்குது. ஒண்ணு எழுந்துக்கங்க, இல்ல உட்காருங்க.

விர்ஜில்: பாட்டு முடியட்டும், அப்புறம் உட்கார்றேன்.

நடீன்: கால் நடுங்குதுப்பா. எவ்வளவு நேரம் இப்படியே நிப்பீங்க?

ஸ்கிப்: இதோ, கிடார் நிக்கப் போகுது. இப்ப கேளுங்க சார்... கிர்ர்ர்... டொக்.

விர்ஜில்: ஐயோ, முதுகு...

ஸ்கிப்: அட... ரெண்டு தடவை வருதே. ரெக்கார்டுல ஒரு தடவைதானே வரும்?

நடீன்: டிவியில ஒரு தடவைதான் வந்துச்சு.

ஸ்கிப்: அப்ப இன்னொண்ணு...

நடீன்: அப்பா.

விர்ஜில்: ம்.

நடீன்: எழுந்திருங்க.

விர்ஜில்: இப்பதானே உட்காரச் சொன்ன.

நடீன்: எழுந்து, மறுபடி உட்காருங்க.

ஸ்கிப்: கிர்ர்ர்... டொக்... சார்...

நடீன்: குதிரைப் படமாப்பா?

விர்ஜில்: பாட்டை மறுபடி எடுக்கலாம்னு நானும்தான் சொன்னேன் தம்பி. இருந்துட்டுப் போகட்டும், இதையெல்லாம் யாரு கவனிக்கப் போறான்னுட்டாங்க... நடீன், அந்த எண்ணெய்க் குப்பியைக் கொஞ்சம் எடுத்துட்டு வாம்மா.